வசுந்தரா சாகக் கூடாது

அம்முணி, நீ கேக்கறது அந்த ருத்ரதேவ் கதைதானே? எனக்கெப்படித் தெரியும்னு பாக்கறியா? காதுல என்னத்தை மாட்டினாலும் பக்கத்து சீட்டுக்குச் சத்தம் வரத்தான் செய்யுது. அந்த வாசிக்கிற பொண்ணோட மூச்சை வெச்சே கண்டுபிடிச்சிட்டேன். ஒரு வரிக்கு ரெண்டு பெருமூச்சு விடுவா. கதை படிக்கிறாளா, மாடிப்படி ஏர்றாளான்னு தெரியாது.

நிறுத்திட்டியா? நல்லதாப் போச்சு. பொள்ளாச்சி போற வரைக்கும் எனக்கும் வேலையில்லை. அந்தக் கதைமேலே எனக்கு ஒரு வழக்கு இருக்கு. எழுதினவ மேலேயும் இருக்கு. கேட்டுட்டு நீயே நியாயம் சொல்லு. கோவப்படாமத்தான் சொல்லுவேன். எனக்குக் கோவமே வராது, சந்தையிலே யாரை வேணும்னாலும் கேட்டுப் பாரு. யோவ் கண்டக்டரே! அந்த மூட்டையை வைக்க என் கால்தான் கெடைச்சுதா? எடுய்யா! டிக்கெட்டு மூட்டைக்கு வாங்கினியா, என் காலுக்கு வாங்கினியா? ம், எங்கே விட்டேன்? கோவம் வராதுன்னு சொல்லிட்டிருந்தேன்.

என் பேரு துளசிமணி. மாட்டு யாவாரம். கறவை மாடு வாங்கி விக்கறேன். வீட்டுக்காரர் குடிச்சே போய்ச் சேந்தப்போ மிச்சம் வெச்சுட்டுப் போனது ஒரு கிழட்டுப் பசுவும் ஒரு பொட்டப்புள்ளையும். பசுவை வித்தேன், புள்ளையை வளத்தேன். அஞ்சாவதுக்கு மேலே பள்ளிக்கூடம் போகலை. எழுத்துக் கூட்டிப் படிச்சு முடிக்கறதுக்குள்ளே மாடு கன்னு போட்டுரும். அதான் என் மக மைதிலி இந்தக் காதால கேக்கற கதையைப் போன்லே வெச்சுக் குடுத்தா. திருப்பூர்ல கட்டிக் குடுத்திருக்கு. அவளும் கேப்பா, அவ மாமியா சம்பூரணமும் கேப்பாங்க, மாட்டு வண்டியிலே போகையிலே நானும் கேப்பேன். சாயங்காலம் மூணு பேரும் போன்லே கூடி நியாயம் பேசுவோம். பஞ்சாயத்தெல்லாம் தோத்துரும்.

அந்த ருத்ரதேவைப் பத்தி எனக்கு ஒண்ணுமில்லை. அவன் தாடியும் அவன் காரும் எப்படியோ போகட்டும். பிடிக்காத பொண்ணுக்குத் தாலி கட்டுவான், கன்னத்துல ரெண்டு வைப்பான், அப்புறம் மழையிலே நனைஞ்சு மன்னிப்புக் கேப்பான். அந்த அனன்யாப் புள்ளை அதுக்கு உருகிப் போவா. எனக்கு மருமகனா வந்திருந்தான்னா மூக்கணாங்கயிறு போட்டிருப்பேன். அதை விடு. என் வழக்கெல்லாம் அனன்யாவோட அத்தை இருக்காளே, வசுந்தரா, அவளைப் பத்தித்தான்.

நீயும் நெறையக் கதை கேக்கறவதானே? பாத்தியா, நாப்பது தாண்டின பொம்பளைக்கு இந்தக் கதையிலே என்ன வேலை குடுக்கறாங்கன்னு? இருமணும். இல்லாட்டி சாமி ரூம்ல விளக்கைப் பாத்து அழணும். கொஞ்சம் உதட்டுக்கு மை போட்டுட்டான்னா போச்சு, பால்லே விஷம் கலக்கப் போறான்னு அர்த்தம். தலைக்கு டை அடிச்சவ எவளும் நல்லவளா இருந்து நான் கேட்டதில்லை. நான் அடிக்கறேன், எனக்கு எளநரை, அது வேற சமாச்சாரம்.

வசுந்தராவுக்கு நாப்பத்தெட்டு வயசு. அவளை மொதமொதல்ல கூட்டிட்டு வரும்போது என்ன எழுதியிருக்கா தெரியுமா? 'முதுமையின் வாசலில் நின்ற அந்த மாதரசி.' வாசல்லயாம்! நாப்பத்தெட்டுல நான் லாரிமேலே நின்னு ஜெர்சி மாட்டை இழுத்து ஏத்திட்டிருந்தேன். எந்நேரமும் சந்தனக்கலர் சேலை. வேற கலரே அந்தக் கடையிலே இல்லையா? ஒரு பஜ்ஜி தின்ன மாட்டா, ஒருத்தனைத் திட்ட மாட்டா. எல்லாருக்கும் ரசம் வெப்பா, தனக்கு மோர் ஊத்திக்குவா.

அவளுக்கு ஒரு ப்ரொபசர். காலேஜ்ல ஆசைப்பட்டு, அவ வேறொருத்தனைக் கட்டிக்கிட்டதும் கல்யாணமே பண்ணாம இருந்துட்டாராம். இத்தனை வருசமும் அந்தாளுக்குச் சோறாக்குனது யாரு, துணி தொவைச்சது யாருன்னு ஒரு வரி கிடையாது. இவ புருசன் செத்த பின்னாடி ரெண்டு பேரும் லைப்ரரியிலே பாத்துக்கறாங்க. பாத்துக்கறாங்க, பாத்துக்கறாங்க, பாத்துக்கிட்டே இருக்கறாங்க. ஒரு எபிசோடு பூரா கண்ணுதான். ரெண்டு பேரும் கண்ணாடி போட்டவங்க, அது ஆவி புடிச்சிருக்கும்.

ஆனா எம் மக அழுதா அம்முணி. "பாவம்மா வசுந்தராத்தை. ரெண்டு பேத்தையும் சேத்து வெச்சரோணும்மா"ன்னா. சம்பூரணம்தான், "பேரன் எடுக்கற வயசுல ப்ரொபசர் ஒரு கேடா?"ன்னாங்க. மைதிலி மாமியாளையே எதுத்துப் பேசினா. "ஏனுங்கத்தை, அவங்களுக்கு மனசு இல்லியா?"ன்னா. அதைக் கேட்டதும் எனக்கு ஒரு ரோசனை வந்துச்சு.

ரோசனை எதுக்குன்னா... அதுக்கு நீ சந்தையைத் தெரிஞ்சுக்கணும். மாட்டுச் சந்தையிலே விலையை வாயால சொல்ல மாட்டோம். வாங்கறவன் கைமேலேயும் விக்கறவன் கைமேலேயும் ஒரு துண்டைப் போட்டுக்குவோம். உள்ளே விரலைப் பிடிக்கறதுதான் பேச்சு. சுத்தி நூறு பேரு நின்னாலும் ஒருத்தனுக்கும் ஒண்ணும் தெரியாது. நான் பொழைக்க வந்த புதுசுல எனக்கு எவனும் துண்டு போடலை. பொம்பளை கையைப் பிடிக்கறதாங்கறான். "நீ வாயாலயே சொல்லும்மா"ங்கறான். வாயால சொன்னா ஊருக்கே கேக்கும், அப்புறம் விலை எங்கே ஏர்றது? நட்டத்துக்கு வித்து வித்துக் கண்ணுல ரத்தம் வந்துச்சு. அப்பத்தான் ஒரு மனுசன் தோள்ல கெடந்த பச்சைத் துண்டை எடுத்து நீட்டினார். "யாவாரத்துல கை கைதானுங்க. குடுங்க"ன்னார்.

வெள்ளியங்கிரின்னு பேரு. தரகர். சம்சாரம் தவறி வருசமாச்சு. காளை கயித்தைச் சுண்டினதுல வலது மோதிர விரல் ஒடிஞ்சு கோணலாவே கூடிருச்சு. பாலக்காட்டுல இருந்து வர்ற பெரிய யாவாரிகளையெல்லாம் பிழிஞ்சு காயப்போட்டுருவார். ஆனா எங்கிட்டே மட்டும் ஒரு தடவைகூட ஜெயிச்சதில்லை, தெரியுமா? இத்தனை வருசத்துல ஒரு தடவைகூட. நான் எந்த விரலைப் பிடிக்கறேனோ அதுக்கு எறங்கி வந்துருவார். "உங்ககிட்டே நம்மாலே முடியாதுங்க"ன்னு சிரிப்பார். அவ்வளவு கெட்டிக்காரி நான்.

போன ஐப்பசியிலே ஒரு செவலை மாட்டுக்கு விலை முடிஞ்சுது. முடிஞ்சா கையை எடுக்கணும். அந்த மனுசன் எடுக்கலை. மாட்டைப் பாத்துக்கிட்டே, "ஏனுங், தனித்தனியா ரெண்டு அடுப்பு எரியறது நட்டமில்லீங்களா?"ன்னார். நானும் மாட்டைப் பாத்துக்கிட்டே, "எம் பொண்ணைக் கேக்கோணும்"னேன். கையை நானும் எடுக்கலை. மறந்துட்டேன்.

அன்னைக்கிருந்து சந்தைக்குச் சந்தை துண்டுக்குள்ளே கையை வெச்சுக்கிட்டுத்தான் பேச்சு. காலையிலே டீ யாரு போடறது, பீடியை எப்ப விடறது, யாரு வீட்டுல யாரு வந்து இருக்கறது. அவர் வீடுன்னார். என் வீடுன்னேன். என் வீடுன்னு முடிஞ்சுது. பாலக்காட்டு யாவாரி ஒருத்தன் நின்னு நின்னு பாத்துட்டு, "ஒரு எருமைக்கு இத்தர நேரமோ?"ன்னு கேட்டான். வேற எங்கே போய்ப் பேசறது சொல்லு? பேக்கரிக்குப் போனா ஊரு பாக்கும், கோயிலுக்குப் போனா சொந்தக்காரன் பாப்பான். ஆயிரம் பேரு நடுவுல அந்த ஒரு துண்டுதான் எங்களுக்கு ஒதுக்குப்புறம்.

சிரிக்காதே. காதல் கீதல்னு நெனைச்சுக்காதே. அந்தக் கை சூடா இருக்கும், அவ்வளவுதான். குளிர்காலத்துல ஒத்தாசையா இருந்துச்சு.

எல்லாம் பேசியாச்சு. மைதிலிகிட்டே எப்படி ஆரம்பிக்கறது? மாட்டை ஓட்டிட்டுப் போறதுக்கு முந்தி சந்தையிலே நெலவரம் கேக்கறதில்லையா, அந்த மாதிரி வசுந்தராவை வெச்சு நெலவரம் பாத்தேன். அவளும் ப்ரொபசரும் சேரட்டும். எம் மக கண்ணைத் துடைச்சுட்டுச் சந்தோசமா இருக்கற அன்னைக்கே நான் என் சமாச்சாரத்தை எடுக்கறேன். வசுந்தராவை ஏத்துக்கிட்டவ அம்மாளைத் தள்ளவா போறா? கணக்கு சரிதானே?

கணக்கு சரி. ஆனா வசுந்தரா இரும ஆரம்பிச்சுட்டா. ஒரு எபிசோடுல இருமினா. அடுத்ததுல கைக்குட்டையிலே ரத்தம். எழுதினவ இவளைச் சாகடிக்கப் போறா! இவ படுக்கையிலே கிடந்து அனன்யா கையை எடுத்து ருத்ரதேவ் கையிலே குடுத்துட்டுக் கண்ணை மூடப் போறா. இவ செத்தா என் பேச்சும் சேந்து சாகும். எம் மக ஒரு நாள் அழுதுட்டு, செத்துப் போறதுதான் அந்த வயசுக்கு அழகுன்னு நெனைச்சுருவா.

எழுதினவ பேரு பனித்துளி பைரவி. புஸ்தகம் வேணும்னா கூப்பிடுங்கன்னு கதைக்கு அடியிலே நம்பர் போட்டிருப்பாளே, அதுக்குப் போட்டேன். "புக் வேணுங்களா?"ன்னா. "புக்கு வேண்டாம். வசுந்தரா உசுரு வேணும், என்ன விலை?"ன்னேன்.

மொதல்ல வெச்சுட்டா. திரும்பவும் போட்டேன். போட்டுக்கிட்டே இருந்தேன். நாலாவது தடவை எடுத்து, "இது கதைங்க, நீங்க ஏன் இவ்வளவு உணர்ச்சிவசப்படறீங்க?"ன்னா. கொரலு கொஞ்சம் கரகரன்னு இருந்துச்சு. "உனக்கு என்ன வயசு தாயி?"ன்னேன். "ஐம்பத்தாறு. வெளியிலே சொல்லிராதீங்க. என் படம்னு போட்டிருக்கறது என் தங்கச்சி பொண்ணு"ன்னா.

எனக்கு வந்துச்சு பாரு! "ஐம்பத்தாறா? நாப்பத்தெட்டுக்காரியை முதுமையோட வாசல்ல நிக்க வெச்சிருக்கியே, அப்ப நீ எங்கே நிக்கறே, கொல்லைப்பக்கமா?"ன்னேன்.

அவ சிரிச்சுட்டா. அழுதாளோ என்னமோ, போன்லே ரெண்டும் ஒரே சத்தம்தான். "நான் என்னங்க பண்றது? அத்தை வந்தா கேக்கறவங்க பாதியிலேயே ஓடிப் போயிடறாங்க. அனன்யா வந்தாத்தான் திரும்பி வர்றாங்க. எனக்கும் பொழைப்பு நடக்கணுமில்ல"ன்னா. சரி, யாவாரின்னு தெரிஞ்சு போச்சு. யாவாரிகிட்டே எனக்குப் பேசத் தெரியாதா?

"கேன்சர் வேண்டாம்"னேன்.

"அறிகுறி எல்லாம் குடுத்துட்டேங்களே."

"டாக்டரு தப்பாச் சொல்லிட்டான்னு எழுது. சளின்னு சொல்லு."

"சளியை வெச்சு எப்படிங்க அழ வைக்கறது? ஹார்ட் அட்டாக் வெச்சுக்கறேன். சின்னதா."

"சர்க்கரை வெச்சுக்கோ. சர்க்கரை இல்லாதவ எவ இருக்கா?"

"சர்க்கரையிலே யாருங்க சாகறாங்க?"

"அதான் சாமி, சாகக் கூடாதுங்கறேன்!"

"ஆசிரமத்துக்கு அனுப்பிடட்டுமா? அமைதியா இருப்பாங்க."

"எதுக்கு? இத்தனை வருசம் அமைதியா இருந்தது போதாதா?"

கடைசியிலே சர்க்கரைக்கு எறங்கி வந்தா. உசுரு தப்பிச்சுது. அடுத்து ரெண்டு பேத்தையும் சேக்கறதுக்குப் பேசினேன். அங்கேதான் முட்டுச்சு. "சேக்கறதுன்னா ஒரு சீன் வேணுங்க. இந்த வயசுல கையைப் பிடிச்சாலே கமெண்டுல வாந்தி எடுக்கற பொம்மை போடறாங்க. எனக்கே எழுத வரலை. ஒருத்தர் கை இன்னொருத்தர் மேலே எப்படிப் படும்னு தெரியலை"ன்னா. பாவமாத்தான் இருந்துச்சு. பேச்சு முடியற நேரத்துல அந்தப் பக்கம் தயங்கினா நாம ஏதாவது சேத்துக் குடுத்து முடிக்கறதுதானே வழக்கம்? "ஆயிரம் பேரு நடுவுலயும் ஒருத்தருக்கும் தெரியாமக் கை பிடிக்கலாம் தாயி"ன்னு ஆரம்பிச்சேன்.

சொல்லிட்டேன். துண்டைச் சொன்னேன். பச்சைக் கலரையும் கோணல் விரலையும் சொன்னேன். ரெண்டு அடுப்பு நட்டத்தைச் சொன்னேன். அவ "ம்... ம்..."ன்னு கேட்டா. இது வரைக்கும் என்னை யாரும் அப்படிக் கேட்டதில்லை அம்முணி. மாட்டை வித்தாலும் கயித்தைக் கையிலே வெச்சுக்கறவ நான். கயிறு போனா லட்சுமி போயிரும்பாங்க. அன்னைக்குக் கயித்தையும் சேத்துக் குடுத்துட்டு, யாவாரம் முடிஞ்சுதுன்னு நிம்மதியாத் தூங்கினேன்.

அந்த எபிசோடு நீ கேட்டியா? கேட்டியா! அப்ப நீயே சொல்லு. காலேஜு படிச்ச வசுந்தராவுக்குத் திடீர்னு ஒரு தாத்தா, அவருக்கு ஒரு பண்ணை, அங்கேயிருந்து ஒரு மாட்டுச் சந்தை. ப்ரொபசர் பட்டு அங்கவஸ்திரத்தோட வர்றார். பட்டு! மாட்டுச் சந்தைக்கு! சாணி பட்டா எங்கே துடைப்பான்? உள்ளே கையைப் பிடிச்சதும் வசுந்தரா கொடி மாதிரி நடுங்கறா, கன்னம் செவக்குது, மயங்கி அவர் மார்மேலே சாயறா. விலை பேசற எடத்துல மயங்கினா மாட்டை ஓட்டிட்டுப் போயிருவாங்க! பதினெட்டு வயசுப் புள்ளைக்குத் தெச்ச ஜாக்கெட்டை நாப்பத்தெட்டுக்காரிக்கு மாட்டி விட்டிருக்கா. நான் நடுங்கினேனா? செவந்தேனா? "காலையிலே டீ நீங்கதான் போடோணும்"னு சொன்னேன். அதை எழுதலை பாரு, அதான் இருக்கறதுலயே நல்ல எடம்.

ஆனா அந்தக் கோணல் விரலை மட்டும் அப்படியே எழுதியிருந்தா. ஒரு எழுத்து மாத்தலை.

எம் மக கேட்டிருக்கா. அழுதிருக்கா. 'செம ஃபீல் சிஸ், ப்ளீஸ் சேத்து வைங்க'ன்னு எழுதி, பக்கத்துல ஏழெட்டு ஹார்ட்டுப் பொம்மை வேற போட்டிருக்கா. அப்புறம் எனக்குப் போன் வந்துச்சு. எடுத்ததும், "அம்மா, வெள்ளியங்கிரி மாமாவுக்கு எந்த விரல் கோணல்?"ன்னா.

சின்ன வயசுல இருந்து பாத்திருக்காளே. வீட்டுக்கு வந்தா அந்தக் கையிலேதானே டம்ளர் பிடிப்பார். "எல்லா மனுசனுக்கும் ஏதாவது ஒரு விரல் கோணல்தான்"னேன். நல்ல பதிலாத்தான் பட்டுச்சு. அவளுக்குப் படலை.

"நீதான் அழுதியே கண்ணு, சேத்து வைக்கச் சொன்னியே"ன்னேன். "அது வசுந்தரா. நீ அம்மா"ன்னு வெச்சுட்டா. ஒரு வாரமாச்சு, கூப்பிடலை. நான் கூப்பிட்டா எடுக்கலை. இன்னைக்குச் சந்தையிலே அந்த மனுசனுக்கு முடிவு சொல்றேன்னு இருந்தேன். என்னன்னு சொல்லுவேன்? எம் மக மூஞ்சி குடுக்கலைன்னா எனக்கு எந்த அடுப்பு எரிஞ்சு என்ன?

இதுக்கு நடுவுல சம்பூரணம் தனியாக் கூப்பிட்டாங்க. நான் வாங்கிக் கட்டிக்கத் தயாராத்தான் எடுத்தேன். மெதுவா, "ஏனுங் சம்பந்தி, அந்தத் துண்டு வழக்கம் எல்லாச் சந்தையிலயும் இருக்குதுங்களா?"ன்னு கேட்டாங்க. அவங்களுக்கு வீட்டுக்காரர் குத்துக்கல்லாட்ட உக்காந்திருக்கார். எதுக்குக் கேட்டாங்கன்னு எனக்குப் புரியலை.

ஆமா, அப்புறம் வசுந்தராவுக்கு என்னாச்சு? நான் கோவத்துல கேக்கறதையே விட்டுட்டேன். சர்க்கரையா? மாத்திரை போடறாளா? பரவாயில்லை, சொன்ன சொல்லு காப்பாத்திட்டா. யாவாரி யாவாரிதான்.

இரு இரு, போன் அடிக்குது. அட... மைதிலி. அம்முணி, மைதிலி!

சொல்லு சாமி. பஸ்ஸுல இருக்கேன். ஆமா, சந்தைக்குத்தான். இல்லை, இன்னும் எறங்கலை. நீ சொல்லு. சரி. சரி, தாலி வேண்டாம். எனக்கும் அதொண்ணும் ஆசையில்லை. மாலை? மாலை எதுக்கு, மாடு தின்னுரும். போட்டோ எடுக்கலை. உங்கப்பன் போட்டோ மாட்டின எடத்துலயேதான் இருக்கும், நான் தொட மாட்டேன். மாப்பிள்ளைகிட்டே நீ சொல்றியா, நான் சொல்லட்டுமா? சரி, நீயே சொல்லு. பொங்கலுக்கா? பொங்கலுக்கு வருவார். இல்லை, அதுல எறங்க மாட்டேன். வேணும்னா ஓரமா உக்காருவார். ஓரமாவும் வேண்டாம்னா எப்படிக் கண்ணு, கொஞ்சம் நீயும் எறங்கி வரணுமில்ல?

என்னது? பஸ்ஸு சத்தம். திருப்பிச் சொல்லு.

...

அழுவறா அம்முணி. வெள்ளியங்கிரி மாமா வந்தா வரட்டுமாம். அதுக்கில்லையாம். "ஊரு பேரு தெரியாத ஒருத்திகிட்டே எல்லாத்தையும் சொன்னியேம்மா. ஊரே கேட்ட பின்னாடி நானும் ஒருத்தியாக் கேட்டேன். எங்கிட்டே ஏன் சொல்லலை?"ங்கறா.

இதுக்கு என்ன பதில் போடறது? எந்த விரலைப் பிடிக்கறது?

என்னய்யா கண்டக்டர், சந்தை ஸ்டாப்பா? தெரியுது, கண்ணு இருக்கு. நான் எறங்கலை. அட, எறங்கலைங்கறேன், விசிலை ஊதுய்யா! அந்த மனுசன் காத்திருந்தா இருக்கட்டும். பஸ் ஸ்டாண்டுல எறங்கி நடந்துக்கறேன்.

அம்முணி, நீ கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பிக்க கண்ணு. கோவிச்சுக்காதே. இதை அவ மட்டும் கேக்கணும்.

மைதிலி? இருக்கியா சாமி? அழாதே. மொதல்ல இருந்து சொல்றேன், கேளு. அந்த மனுசன் மொதமொதல்ல துண்டை நீட்டின அன்னைக்கு நீயும் அங்கேதான் இருந்தே. என் இடுப்புல.